தொலைந்த காலங்களைத் தேடிப் போகிறவர்கள் யாழ்ப்பாணத்தில் என்ன பாடுவார்கள்?

உங்கள் கேள்வியைச் சுருக்கினால் இப்படி வரும். யாழ்ப்பாணத்தைக் களமாக வைத்து ஒரு நாவல் எழுதுகிறீர்கள். அதில் ஒரு சிறு கூட்டம், நடந்திருக்கக்கூடிய ஆனால் நடக்காமல் போன காலங்களுக்குள் போய் வருகிறது. நூலகம் எரியாத ஒரு 1981, நல்லூர்க் கோயில் இடிபடாத ஒரு 1621, அப்படி. புறப்பட முன்னர் அவர்கள் ஒரு சடங்குப் பாட்டுப் பாடவேண்டும். நீங்கள் எழுதிப் பார்த்தது மந்திரம் மாதிரி வருகிறது, ஊர் மணக்கவில்லை. மெட்டு, வாத்தியம், சொற்கள் எல்லாம் எப்படி இருக்கவேண்டும் என்று கேட்கிறீர்கள்.

மந்திரம் மாதிரி வருவதற்குச் சொற்களைக் குற்றம் சொல்லாதீர்கள். பாட்டைப் போகிறவரின் வாயில் வைத்துவிட்டீர்கள், அதுதான் வினை. அவர் தனியே நின்று கண்ணை மூடிப் பழந்தமிழில் எதையோ உச்சரிக்கிறார், வாசல் திறக்கிறது. எங்கள் பக்கத்தில் ஆபத்தான வேலைக்குரிய பாட்டு கரையில் நிற்கிறவருடையது. போகிறவருக்கு மூச்சு வேறு வேலைக்கு வேண்டும்.

கரைவலையை எடுங்கள். வள்ளம் வலையை ஏற்றிக்கொண்டு புறப்படும்போது கயிற்றின் ஒரு தலைப்பு கரையிலேயே நிற்கும். வள்ளம் அரைவட்டமாக வளைந்து, வலையை விட்டுக்கொண்டே போய், மற்றத் தலைப்போடு கொஞ்சம் தள்ளிக் கரைக்கு வரும். பிறகு ஆட்கள் இரண்டு பக்கமாகப் பிரிந்து நின்று இழுப்பார்கள். அப்போது பாடுவது அம்பாப் பாட்டு. ஒருவர் அடியெடுக்க, மற்றவர்கள் 'ஏலேலோ' என்று வாங்கிப் பாடுவார்கள். அந்த வாங்குதலில்தான் இழுவை விழும். அடியில் என்ன வந்தாலும் பரவாயில்லை. சாமி வரும், காதல் வரும், வலைக்குச் சொந்தக்காரரான சம்மாட்டியைப் பற்றிய நையாண்டியும் வரும். சொல்லை மாற்றினால் ஒன்றும் ஆகாது, தாளம் பிசகினால் வலை வராது.

உங்கள் கூட்டத்துக்கும் இந்த ஏற்பாட்டையே கொடுங்கள். ஒருவர் போகிறார், நாலைந்து பேர் கயிறு பிடிக்கிறார்கள். கயிறு உண்மையான தும்புக் கயிறாகவே இருக்கட்டும், உள்ளங்கை பொக்களிக்கிற மாதிரி. போனவர் எவ்வளவு தூரத்தில் நிற்கிறார் என்பதைக் கரை கயிற்றின் கனத்தில் உணரும். அதற்கேற்ப அடிகள் நீளும், குறுகும். இதைச் செய்துவிட்டால் உங்கள் பாட்டுக்கு மர்மம் தேவையில்லை. வேலை ஒன்று இருக்கிறது, அதைச் செய்ய ஒரு பாட்டு இருக்கிறது.

இன்னொன்றும் சொல்வேன், கொஞ்சம் துணிவாகவே. பாட்டில் 'காலம்' என்ற சொல் ஒரு இடத்திலும் வரக்கூடாது. எங்கள் ஆச்சிமார் இரவில் பாம்பைப் பாம்பென்று சொல்லமாட்டார்கள். அம்மை போட்டால் 'அம்மாள் வந்திருக்கு' என்பார்கள், வாசலில் வேப்பிலை செருகுவார்கள். அஞ்ச வேண்டியதை நேரே பேர் சொல்லிக் கூப்பிடுகிற பழக்கம் இங்கே கிடையாது. தொலைந்த காலத்துக்குள் போய் வருகிற ஆட்கள் மட்டும் அதைப் பச்சையாகச் சொல்வார்களா? அவர்கள் கரை என்பார்கள், கடல் என்பார்கள். நடக்காமல் போன ஒரு காலத்தை 'விட்ட பாடு' என்று வைத்துக்கொள்ளலாம். கரைவலை வளைக்கிற இடத்துக்குப் பாடு என்று பெயர். யாரும் வலை வளைக்காமல் விட்ட இடம், விட்ட பாடு. 'நாளைக்கு விட்ட பாட்டுக்குப் போறம்' என்று உங்கள் பாத்திரம் தேத்தண்ணி குடித்துக்கொண்டே சொன்னால் போதும், வாசிக்கிறவர் பிடித்துக்கொள்வார்.

இன்னும் ஒரு காரணம் உண்டு. சடங்குப் பாட்டுகளில் பாதி இரவல். செத்தவீட்டில் சுண்ணம் என்ற வாசனைப் பொடி இடிக்கும்போது எங்கள் ஊர்களில் பாடப்படுவது திருவாசகத்தில் உள்ள திருப்பொற்சுண்ணம். மாணிக்கவாசகர் அதைச் செத்தவீட்டுக்கென்று பாடவில்லை. இறைவன் நீராடுவதற்குப் பொற்சுண்ணம் இடிக்கிற பெண்கள் ஒருவரையொருவர் கூப்பிட்டுப் பாடுகிற பாட்டு அது. முத்துமாலையும் பூமாலையும் தூக்கு, முளைக்குடம் வை, தூபம் வை, தீபம் வை என்று கலியாணவீடு மாதிரித் தொடங்கும். இடிக்கிற வேலை இங்கேயும் இருந்தது, பாட்டு வந்து ஒட்டிக்கொண்டது. உலக்கை விழ, ஓதுவார் அந்த மங்கலச் சொற்களைப் பாட, பேரப்பிள்ளைகள் நெய்ப்பந்தம் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். செத்தவரைப் பற்றி அதில் ஒரு சொல்லும் இல்லை, கேட்கிறவருக்கு வயிறு கலங்கும். உங்கள் பாட்டுக்கு வேண்டிய கனம் இப்படித்தான் வரவேண்டும். மீன்பிடிப் பாட்டு ஒன்றை இரவல் வாங்குங்கள். அதில் வருவது மீனும் வலையும் காற்றுமாகவே இருக்கட்டும்.

சரி, பாட்டின் உறுப்புகளுக்கு வருவோம். கீழே வருகிற அடிகள் எல்லாம் நான் மாதிரிக்குக் கட்டியவை, ஊரில் யாரும் பாடுவதில்லை. வேண்டுமானால் எடுங்கள், வேண்டாவிட்டால் விடுங்கள்.

தொடக்கம் காப்பு. கூத்தோ காவடியோ பொங்கலோ, பிள்ளையாரைக் கேட்காமல் ஒன்றும் தொடங்காது.

ஆனைமுகத் தையாவே அடியெடுத்து வைக்கமுன்னம்
போனவழி கூட்டிவைத்துப் பொழுதோடு மீளவிடும்
நானிலத்தில் எங்களுக்கு நின்றகரை ஒன்றேதான்
ஏனைகரை பார்த்துவர இப்போது விடைதாரும்

கூட்டத்தில் கத்தோலிக்கர் இருந்தால் அவர்கள் இதைப் பாடமாட்டார்கள். குருநகர், பாசையூர்ப் பக்கத்துக் கடலாளிகள் என்றால் அந்தோனியாரிடம்தான் போவார்கள். அவர் தொலைந்த பொருளைக் கண்டெடுத்துத் தருகிறவர் என்பது உலகம் முழுக்க உள்ள நம்பிக்கை. உங்கள் கதைக்கு அவரைவிடப் பொருத்தமான காவல் கிடைக்காது. வடமராட்சி கிழக்கில் மணற்காட்டுப் பழைய அந்தோனியார் கோயில் மணலுக்குள் புதைந்து, சுவர்கள் மட்டும் தெரிய நிற்கிறது. அதையும் மறக்காதீர்கள்.

தொலைத்தபொருள் மீட்டுத்தரும் தூயஅந் தோனியாரே
அலைக்குநடு வில்விளக்காய் ஆனஅந் தோனியாரே
மலைத்துநிற்கும் எங்களுக்கு மறுகரையைக் காட்டினாலும்
நிலைத்தஇந்தக் கரைமறவா நெஞ்சுதரும் அந்தோனியாரே

இரண்டு காப்பும் நாவலில் இருக்கட்டும். எது முதலில் வந்தது என்று பாத்திரங்கள் சண்டை பிடிக்கட்டும். கண்ணகி கதையைப் பாருங்கள். யாழ்ப்பாணத்தில் கோவலனார் கதை, வன்னியில் சிலம்பு கூறல், மட்டக்களப்பில் கண்ணகி வழக்குரை. ஒரே கதைதான், ஊருக்கு ஊர் பெயரும் பாடலும் வேறு. ஒரே ஒரு பாடபேதமும் இல்லாத சடங்குப் பாட்டை நான் நம்பமாட்டேன். மூன்றாவதாக வைரவர் வருவார், தவிர்க்க முடியாது. கிணற்றடியில், வேலி மூலையில், வேப்பமரத்தடியில் ஒரு சூலம் நட்டிருந்தால் அதுதான் அவர். வடைமாலை சாத்தினால் அவருக்குப் போதும், நீண்ட பாட்டு வேண்டாம்.

காப்புக்குப் பிறகு வருவது அட்டவணை. என்னென்ன விட்ட பாடுகள் இருக்கின்றன என்று சொல்லிக்கொண்டு போகிற பகுதி. இதற்கு முன்மாதிரியாக நல்லூர்க் கட்டியத்தை, அதாவது கோயிலில் பெயரும் புகழும் உரக்கச் சொல்லும் வாசகத்தை, சொல்வேன். இப்போதுள்ள நல்லூர்க் கோயில் ஒல்லாந்தர் காலத்தில் 1734இல் எழுந்தது. அரசர் காலத்துக் கோயிலை 1621இல் போர்த்துக்கேயத் தளபதி பிலிப் டி ஒலிவேரா இடித்துவிட்டான். இடம் மாறியது, ஆட்சி மூன்று முறை மாறியது. ஆனால் கட்டியத்தில் இன்றைக்கும் ஸ்ரீ சங்கபோதி புவனேகபாகு என்ற பெயர் ஒலிக்கிறது. அவர் 1450இல் தெற்கே இருந்த கோட்டை இராச்சியத்துக்காக யாழ்ப்பாணத்தைப் பிடித்த செண்பகப்பெருமாளா, அல்லது ஆரியச்சக்கரவர்த்தி ஒருவரின் மந்திரியா என்று அறிஞர்கள் இன்னும் முட்டிக்கொள்கிறார்கள். கட்டியம் சொல்கிறவருக்கு அந்தச் சண்டையில் வேலை இல்லை. பெயர் இருக்கிறது, சொல்லவேண்டும், சொல்கிறார். உங்கள் அட்டவணையிலும் கூட்டத்தில் யாருக்கும் இன்னார் என்று தெரியாத ஒரு பெயர் இருக்கவேண்டும். அதை யாரும் விளக்கக் கூடாது. நாவல் முடியும்வரையும் விளக்காதீர்கள்.

நல்லூர் மதில்நிமிர்ந்த கரையும் உண்டாம்
நாவற் குழிப்பாலம் நடவாத கரையும் உண்டாம்
எல்லா ஏடும் இருக்கும் கரையும் உண்டாம்
எடுத்துவர ஆகாது பார்த்துவர ஆகும்

ஆண்டுகளைப் பாட்டில் போடாதீர்கள். 1995 ஒக்டோபர் 30 இரவு, போருக்கு அஞ்சி, குடாநாட்டின் மேற்குப் பக்கமான வலிகாமமே எழும்பி நாவற்குழிப் பாலத்தால் தென்மராட்சிக்கு நடந்ததை அறிந்தவர்களுக்கு 'பாலம்' என்ற சொல் போதும். 1981 மே 31 இரவு தொடங்கி நூலகத்தில் எரிந்த ஏறத்தாழ 97,000 நூல்களுக்கு 'ஏடு' போதும். அறியாதவர்களுக்கு நாவலின் மற்றப் பக்கங்கள் இருக்கின்றன. சின்ன இழப்புகளையும் இடையில் தூவுங்கள், இல்லாவிட்டால் பாட்டு நினைவுக் கல்வெட்டாகிவிடும். 1990இல் நின்ற யாழ்தேவி ரயில் யாழ்ப்பாண நிலையத்துக்குத் திரும்பி வந்தது 2014 ஒக்டோபரில். இடையில் பிறந்து வளர்ந்த பெடியளுக்கு ரயில் என்பது தண்டவாளம் பிடுங்கிய வெறும் மேடு. ரயில் ஓடிக்கொண்டே இருந்த ஒரு கரையைப் பார்க்க ஆசைப்படுகிற ஒரு பெடியன் உங்கள் கூட்டத்தில் கட்டாயம் இருப்பான்.

இங்கே ஒன்றை நிறுத்திச் சொல்லவேண்டும். நூலகம், நல்லூர் எல்லாம் படித்தவர்களின் ஆசை. இப்படி ஒரு வழி இருக்கிறது என்று ஊரில் கசிந்தால் முதலில் படலையைத் தட்டுவது பிள்ளையைத் தொலைத்த தாய்தான். 2017 தொடக்கத்தில் கிளிநொச்சியிலும் வவுனியாவிலும் தெருவோரக் கொட்டில்களில், காணாமலாக்கப்பட்ட பிள்ளைகளின் படங்களோடு உட்கார்ந்த தாய்மாரை நினைத்துப் பாருங்கள். 'என்ரை பிள்ளை வீட்டை வந்து சேர்ந்த கரைக்கு என்னைக் கூட்டிக்கொண்டு போ' என்று அவர் கேட்டால் உங்கள் கூட்டம் என்ன சொல்லும்? 'எடுத்துவர ஆகாது பார்த்துவர ஆகும்' என்ற அடியை நான் வைத்தது இதற்காகத்தான். இந்த அடியைப் பாட மறுத்து, கயிற்றைக் கையிலிருந்து போட்டுவிட்டுப் போகிற ஒருவர் நாவலில் இல்லாவிட்டால், கதை விளையாட்டுத்தனமாக நின்றுவிடும். இது என் அபிப்பிராயம். எழுதுகிறவர் நீங்கள்.

அட்டவணை முடிந்து, போகிறவர் கால் வைக்கிற அந்தக் கணத்துக்கு என்ன பாட்டு? ஒன்றும் வேண்டாம். தொண்டைமானாறு செல்வச்சந்நிதியில் பூசை செய்கிறவர்கள் பிராமணக் குருக்கள் அல்லர், கரையோர மரபில் வந்த கப்பூகர்கள். வாயைத் துணியால் கட்டிக்கொண்டு, மந்திரம் இல்லாமல் மௌனமாகப் பூசை செய்வார்கள். கதிர்காமத்து முறை அது. அங்கே நின்று பார்த்தவர்களுக்குத் தெரியும், மணி ஓசையும் சனத்தின் அரோகராவும் ஒரு பக்கம், வாய் கட்டிய ஆளின் அசைவு மறுபக்கம். உங்கள் கரைக்காரரும் அந்த நேரம் வாயைக் கட்டட்டும். பாட்டின் நடுவில் பாட்டு இல்லாத ஓர் இடம். எவ்வளவு நேரம் என்று பாட்டே சொல்லாது, கயிறு சொல்லும்.

கயிறு இழுபடத் தொடங்கியதும் அம்பா.

கயிறுவிடு தம்பி கயிறுவிடு — ஏலேலோ
கச்சான் திரும்பமுன் கயிறுவிடு — ஏலேலோ
வயிறு பதறினும் கைபதறாதே — ஏலேலோ
வாடி விளக்கைவிட்டுக் கண்ணெடாதே — ஏலேலோ

கச்சான் என்பது மேல்காற்று, வாடி என்பது கரையில் மீனவர் தங்குகிற கொட்டில். இதை முப்பது நாற்பது அடிக்கு நீட்டலாம். நாவலில் நீட்டாதீர்கள், ஆனால் நீண்டது என்பது தெரியவேண்டும். 1960களில் பேராசிரியர் சு. வித்தியானந்தன் கூத்தை மேடைக்காகச் சுருக்கியபோது பலர் பாராட்டினார்கள், அது தேவையான வேலைதான். ஆனால் விடிய விடிய நடந்தபோது அந்தக் கூத்துக்குள் இருந்த அலுப்பு, பாயில் பிள்ளைகள் நித்திரையாகி எழும்புவது, அதே மெட்டு நூறாம் தரம் வருவது, இவையும் சடங்கின் பாகங்கள். உங்கள் கரைக்காரருக்கு அலுக்கட்டும். ஒருவர் கொட்டாவி விடட்டும். அடுத்தவர் அதற்காக அவரைப் பேசட்டும்.

இனித் திரும்பி வருதல். உங்கள் கேள்வியில் இதைப் பற்றி ஒரு சொல்லும் இல்லை, எனக்கோ இதுதான் பாட்டின் உயிர். காத்தவராயன் கூத்துப் பார்த்திருப்பீர்கள். மாரியம்மனுக்கு நேர்த்தி வைத்து ஆடுவது. அதில் காத்தான் ஒருவனையே பாலகாத்தான், ஆதிகாத்தான், நடுக்காத்தான், பின்காத்தான் என்று பல பேர் அடுத்தடுத்து ஆடுவார்கள். முன்னுக்கு ஆடியவர் போக, அதே நடையோடு, அதே மெட்டோடு வேறொரு முகம் வரும். சனம் அவரைக் காத்தான் என்று எடுத்துக்கொள்ளும். கூத்தில் அது சரி. உங்கள் கதையில் கயிற்றின் மறுதலைப்பில் வேறொரு முகம் அல்ல, அதே முகத்தோடு வேறொரு கரையின் ஆள் வந்தால்? அவனுக்கும் அதே பெயர், அதே குரல். கரை எப்படிக் கண்டுபிடிக்கும்?

யாழ்ப்பாணத்தில் இதற்கு விடை தயாராகவே இருக்கிறது. எந்தப் புது முகத்தைக் கண்டாலும் நாங்கள் கேட்கிற விசாரணைதான் அது. எந்த ஊர், எந்தக் குறிச்சி, ஆற்றை (யாருடைய) பிள்ளை. வெளியூரார் இதை ஒரு தொல்லையாக நினைப்பார்கள், நியாயமும் இருக்கிறது. அதற்குள் சாதி விசாரிப்பும் ஒளிந்திருக்கும் என்பதை மறைக்கத் தேவையில்லை, ஒரு பாத்திரம் அதைச் சுட்டட்டும். இந்தப் பகுதியை ஓர் ஆச்சி கேட்க, வந்தவன் சொல்ல, கேள்வியும் விடையுமாகக் கட்டலாம். மெட்டு வேண்டாம், உடுக்கு மட்டும் போதும்.

ஆரது படலையடி?
போனவன்தான், ஆச்சி.
போனது பலபேர், நீ ஆற்றை பிள்ளை?
கிணத்தடித் தேசி நட்டவளின்ரை பிள்ளை.
கிணத்துத் தண்ணி உப்போ, இனிப்போ?
மாரிக்கு இனிப்பு, கோடைக்குச் சவர்.
வேலிக் கதியால் எத்தினை?
பக்கத்து வீட்டார் ஒண்டை அரக்கி நட்டவை, ஆச்சி. அதைச் சேர்க்கவோ, விடவோ?
வா பிள்ளை, உள்ளுக்கை வா.

கதியால், அதாவது வேலித் தடி, எத்தனை என்று கேட்டால் வேறு கரையிலிருந்து வந்தவன் ஓர் எண்ணைச் சொல்லியிருப்பான். எங்கள் ஆள் எல்லைச் சண்டையைச் சொல்வான்.

தண்ணீர்க் கேள்வியைச் சும்மா வைக்கவில்லை. குடாநாட்டில் ஆண்டு முழுவதும் ஓடுகிற ஆறு இல்லை. வழுக்கையாறு மாரியில் மட்டும் ஓடும். அடியில் சுண்ணாம்புக்கல், அதற்குள் மழைநீர் தேங்கிக் கடல்நீருக்கு மேலே மிதக்கிறது. நல்ல தண்ணீர் பாரம் குறைந்தது என்பதால் மேலே நிற்கும். அளவுக்கு மீறி இறைத்தால் கீழே உள்ள உப்பு மேலேறும். அதனால் ஒரு கிணற்றின் சுவை என்பது அந்த வளவில் எவ்வளவு மழை பெய்தது, எத்தனை பேர் எவ்வளவு இறைத்தார்கள் என்பதன் கணக்கு. நடந்தவை மாறினால் சுவையும் மாறும். சனம் இடம்பெயராத ஒரு கரையில் அந்தக் கிணறு இவ்வளவு இனித்திருக்குமா? இறைப்பு நிற்காமல் நடந்திருந்தால் உவராகியிருக்கும். வந்தவனுக்குச் செம்பில் தண்ணீர் கொடுத்து முகத்தைப் பார்ப்பது, நீங்கள் கண்டுபிடிக்கக்கூடிய எந்தக் கருவியையும்விட நல்ல சோதனை.

இடம் பற்றிக் கேட்டிருந்தீர்கள். நவக்கிரி நிலாவரைக் கிணற்றை யோசித்திருப்பதாகச் சொன்னீர்கள். அது எல்லாரும் யோசிக்கிற இடம். இராமர் அம்பு எய்த கதை, அடிகாணா ஆழம், மேலே நல்ல தண்ணீரும் கீழே உப்பும், எல்லாம் இருக்கிறது. கூடவே பஸ்ஸில் வந்து எட்டிப் பார்க்கிற சுற்றுலாக்காரரும் இருக்கிறார்கள். கயிறு பிடிக்க அங்கே கரை இல்லை. நான் என்றால் வடமராட்சிக் கரையை எடுப்பேன். மணற்காடு, அல்லது தொண்டைமானாறு கடலோடு சேர்கிற இடம். அந்தக் கரையின் ஆட்களுக்கு நெடும்பயணம் புதிது இல்லை. வல்வெட்டித்துறையில் கட்டிய அன்னபூரணி என்ற பாய்க்கப்பல் அந்த ஊர் மாலுமிகளோடு அமெரிக்காவின் குளொஸ்டர் துறைமுகத்துக்கு 1938இல் போய்ச் சேர்ந்தது. போனவர் எப்போது வருவார் என்று தெரியாமல் விளக்கேற்றி வைக்கிற பழக்கம் அங்கே பல தலைமுறைக்கு உண்டு.

பருவத்தையும் காற்றையும் சரியாக வையுங்கள், கடலறிந்த வாசகர் அதில்தான் உங்களைப் பிடிப்பார். வாடை வீசுகிற மாரியில் வடகரைக் கடல் எறியும், யாரும் இறங்கமாட்டார்கள். தென்மேற்கிலிருந்து வருகிற சோளகம் பிடித்தாலும் புழுதிதான். பங்குனி கழிந்து சோளகம் எழும்ப முன்னர் கடல் எண்ணெய் ஊற்றினது போலக் கிடக்கிற நாட்கள் வரும். போகிறதென்றால் அப்போது.

மெட்டைப் பற்றி அதிகம் சொல்ல ஒன்றுமில்லை. ஐந்தாறு சுரத்துக்குள் நிற்கவேண்டும், ஏனென்றால் பாடுகிறவர்கள் இழுத்துக்கொண்டே பாடுகிறார்கள். இராகப் பெயர் எதையும் நாவலில் சொல்லாதீர்கள், அவர்களுக்கு அது தெரியாது. ஆர்மோனியம் வேண்டாம், அது இசைநாடகத்தோடு வந்தது, மேடை வாசம் அடிக்கும். உடுக்கு, சங்கு, சேமக்கலம் (அடித்து ஒலிக்கிற வெண்கலத் தட்டு) போதும். மார்கழியில் திருவெம்பாவைக்கு விடியப்புறம் சங்கு ஊதிச் சேமக்கலம் அடித்துக்கொண்டு தெருவால் போகிற சத்தத்தை நித்திரைப் பாயில் கிடந்து கேட்டவர்களுக்கு, அந்த இரண்டும் சேர்ந்தால் 'எழும்பு' என்றுதான் கேட்கும். திரும்பி வருகிறவனைக் கூப்பிடுவதற்கு அதை வைத்துக்கொள்ளுங்கள். போகும்போது அடிக்காதீர்கள்.

பாட்டில் பிழை இருக்கவேண்டும். யாழ்ப்பாணத்தின் பழைய வரலாறு சொல்லும் யாழ்ப்பாண வைபவமாலையை மயில்வாகனப் புலவர் ஒல்லாந்தர் காலத்தில் எழுதினார். அதில் வருகிற சங்கிலி என்ற அரசன், உண்மையில் இரண்டு சங்கிலிகள். பதினாறாம் நூற்றாண்டில் போர்த்துக்கேயரோடு மோதிய முதலாம் சங்கிலியும், 1619இல் அரசை இழந்த இரண்டாம் சங்கிலியும் அங்கே ஓராளாகிவிட்டார்கள். ஊர்நினைவு அப்படித்தான் வேலை செய்கிறது. இரண்டு விட்ட பாடுகள் உங்கள் பாட்டில் ஒன்றாகக் குழம்பிக் கிடக்கட்டும். அந்தக் குழப்பத்தை நம்பிப் போன ஒருவன் எங்கே போய் நிற்கிறான் என்பதே ஓர் அத்தியாயம். சடங்குப் பாட்டுக்காரருக்கும் இந்த ஆபத்து தெரியும். அதனால்தான் முடிக்கும்போது சொற்குற்றம் பொருட்குற்றம் பொறுக்கச் சொல்லி ஓர் அடி வைப்பார்கள். அந்த அடியைப் பாடாமல் கயிற்றைச் சுருட்டக் கூடாது என்று விதி வையுங்கள்.

அதன்பின் வாழி.

கயிறு வாழி கைகளும் வாழி
பயிரும் வாழி படலையும் வாழி
உயிரை மீட்ட ஊரவர் வாழி
போகா திருந்த பிள்ளையும் வாழி
போயும் வாராப் பிள்ளையும் வாழி

கடைசி அடியையும் மற்ற அடிகளின் வேகத்திலேயே பாடவேண்டும். அங்கே குரல் தழுதழுத்தது என்று நீங்கள் எழுதினால் நான் புத்தகத்தை மூடிவிடுவேன்.

இவ்வளவையும் கதைக்குள் எப்படி விளக்குவது என்ற கவலை உங்களுக்கு வரும். அதற்கும் ஊரில் முறை இருக்கிறது. கோயிலில் கந்தபுராணம் படிக்கும்போது ஒருவர் செய்யுளை இராகத்தோடு வாசிப்பார், பக்கத்தில் இருப்பவர் பயன் சொல்வார். கிழவர் ஒருவர் பாட்டை எடுக்க, படித்த பெட்டை ஒருத்தி பயன் சொல்லட்டும். அவள் சொல்வது சில இடங்களில் பாட்டோடு ஒத்துப்போகாது, கிழவர் இருமிக் காட்டுவார். வாசகருக்கு விளக்கமும் கிடைக்கும், யாரை நம்புவது என்ற சந்தேகமும் கிடைக்கும்.

அச்சில் போடும்போது 'ஏலேலோ'வை எல்லா அடிக்கும் போடவேண்டாம். முதல் நாலு அடிக்குப் போட்டுவிட்டு விடுங்கள், மிச்சத்தை வாசிக்கிறவரே வாங்கிப் பாடிக்கொள்வார்.